பிலால்: அடிமையின் பெயர் எப்படிப் பெருமையின் பெயரானது?

ஆண் குழந்தைகளுக்கான அரபுப் பெயர்ப் பட்டியல் எதை எடுத்தாலும் பிலால் என்ற பெயர் இருக்கும். பக்கத்தில் பொருளும் போட்டிருப்பார்கள்: ‘ஈரம்’, ‘நீர்’. அடைப்புக்குள் ‘இஸ்லாத்தின் முதல் முஅத்தின்’ என்று ஒரு குறிப்பு. அத்தோடு அடுத்த பெயருக்குப் போய்விடுவார்கள்.

ஆனால் இந்தப் பெயரின் வரலாறு அந்த ஒற்றை வரியில் அடங்காது. பிலால் என்ற பெயரை உலகறியச் செய்தவர் அரசரல்ல, தளபதியல்ல, கவிஞரல்ல. விலைக்கு விற்கப்பட்ட ஒரு கறுப்பின அடிமை. 1400 ஆண்டுகளாக மொராக்கோவிலிருந்து மலேசியா வரை தாய் தகப்பன்மார் ஆசையோடு தங்கள் பிள்ளைகளுக்கு வைக்கிற பெயர் ஓர் அடிமையின் பெயர். பெயராலேயே இழிவுபடுத்தப்பட்ட நாம் கவனிக்க வேண்டிய வரலாறு இது.

முதலில் சொல்லின் பொருள். அரபியில் ‘பல்ல’ என்றால் நனைத்தான். அந்த வேரிலிருந்து வருவது பிலால்: தொண்டையை நனைக்கிற அளவு நீர், ஈரம். பாலைவனத்தில் அது சாதாரணச் சொல்லாக இருந்திருக்க முடியாது. அரபியர்கள் இந்தச் சொல்லை உறவுக்கும் பயன்படுத்தினார்கள். உறவைப் பேணுவதை ‘நனைப்பது’ என்றும், உறவு முறிவதை ‘காய்ந்து போவது’ என்றும் பேசும் வழக்கம் அவர்களிடம் உண்டு. தன் உறவினர்களுக்குச் செய்ய வேண்டியதைச் செய்வேன் என்பதை, அந்த உறவை அதற்குரிய ஈரத்தால் நனைப்பேன் என்று நபிகள் நாயகம் சொன்னதாக ஒரு ஹதீஸ் இருக்கிறது. ஈரம் என்பதற்கு அங்கே வருகிற சொல் பிலால்தான். ‘நெஞ்சில் ஈரமில்லாதவன்’ என்று பேசுகிற தமிழர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

அப்படிப்பட்ட பெயர் ஓர் அடிமைக்கு இருந்ததுதான் இதிலுள்ள முரண். அடிமை என்றாலே உறவு மறுக்கப்பட்டவர். சமூகவியலாளர் ஓர்லாண்டோ பேட்டர்சன், அடிமைமுறை பற்றி 1982இல் வெளியிட்ட நூலில் இதை ‘சமூக மரணம்’ என்கிறார். அடிமைக்கு உயிர் இருக்கும், உழைப்பு இருக்கும்; ஆனால் முன்னோர் இல்லை, குலம் இல்லை, அவருக்காகக் கேட்க நாதியில்லை. பல சமூகங்களில் அடிமையாக்கப்பட்டவருக்கு முதலில் செய்த காரியங்களில் ஒன்று பழைய பெயரைப் பறித்துப் புதுப்பெயர் வைப்பது என்பதையும் அவர் விரிவாகக் காட்டுகிறார்.

அன்றைய அரேபியாவில் மகனுக்கு ஒருவிதமாகவும் அடிமைக்கு வேறுவிதமாகவும் பெயர் வைத்தார்கள். மகன்களுக்குச் சிங்கம், போர், பாறை என்று கடுமையான பெயர்கள். அடிமைகளுக்கு லாபம், எளிமை, வெற்றி என்று இனிமையான பெயர்கள். ஏன் இப்படி என்று கேட்டதற்கு, மகன்களின் பெயர் எங்கள் பகைவர்களுக்காக, அடிமைகளின் பெயர் எங்களுக்காக என்று ஒருவர் பதில் சொன்னதாகப் பழைய அரபு மொழியறிஞர்கள் குறித்திருக்கிறார்கள். மகனின் பெயரைக் கேட்டால் எதிரி நடுங்க வேண்டும். அடிமையைக் கூப்பிடும்போது எஜமானரின் காதுக்கு இதமாக இருக்க வேண்டும். பிற்காலத்தில் கற்பூரம், மாணிக்கம், பவளம் என்று வாசனைப் பொருள்களின் பெயரையும் மணிகளின் பெயரையும் அடிமைகளுக்கு வைத்தார்கள். எத்தியோப்பியாவில் பிறந்து அடிமையாக விற்கப்பட்டு, தக்காணத்தில் அகமதுநகர் அரசையே நடத்தி, முகலாயர்களைத் திணறடித்த மாலிக் அம்பரின் பெயரிலும் ‘அம்பர்’ என்ற வாசனைப் பொருள்தான் இருக்கிறது.

பிலாலின் தந்தை பெயர் ரபாஹ். ‘லாபம்’ என்று பொருள். யாருக்கு லாபம் என்று கேட்க வேண்டியதில்லை. தாயின் பெயர் ஹமாமா, ‘புறா’. அபிசீனியாவைச் சேர்ந்த அடிமைப் பெண்.

நம் ஊரில் இது தலைகீழாக நடந்தது. பிராமணனின் பெயரில் மங்கலமும், சத்திரியனின் பெயரில் வலிமையும், வைசியனின் பெயரில் செல்வமும், சூத்திரனின் பெயரில் இழிவும் இருக்க வேண்டும் என்று மனுதர்மம் இரண்டாம் அத்தியாயம் விதிக்கிறது. அந்த நான்குக்கும் வெளியே நிறுத்தப்பட்டவர்களின் கதி என்னவாக இருந்திருக்கும்? குழந்தை தங்க வேண்டும் என்பதற்காகக் குப்பன் என்றும் பிச்சை என்றும் வைத்த பெயர்கள் எல்லாச் சாதியிலும் உண்டுதான். ஆனால் சேரியில் பிறந்தவர் நல்ல பெயர் வைத்துக்கொண்டாலும், ஊர்க்காரர் அதைச் சிதைத்துத்தான் கூப்பிட்டார். அறுபது வயதுப் பெரியவரைப் பத்து வயதுப் பையன் ‘டா’ போட்டு அழைத்தான். அங்கே இனிமையான பெயர், இங்கே இழிவான பெயர். இரண்டிலும் பெயர் வைக்கிற அதிகாரம் எஜமானனின் கையில்தான் இருந்தது.

இனி பிலாலின் கதைக்கு வருவோம். மக்காவில் குறைஷிகளின் ஒரு பிரிவான ஜுமஹ் குலத்துக்கு உடைமையாக இருந்தவர் அவர். உமையா இப்னு கலஃப் என்ற பெரிய மனிதர் எஜமானர். இறைவன் ஒருவனே, அவன் முன் எல்லோரும் சமம் என்ற செய்தி பரவத் தொடங்கியதும் அதை ஏற்ற முதல் சிலரில் பிலாலும் ஒருவர். உமையா அவரை உச்சி வெயிலில் சுடுமணலில் மல்லாக்கக் கிடத்தி, நெஞ்சின்மேல் பாறையை ஏற்றினார். விட்டுவிடு, இல்லையென்றால் இப்படியே சாவாய் என்றார். பிலாலின் வாயிலிருந்து வந்தது ‘அஹத், அஹத்’ என்ற சொல் மட்டுமே. ஒருவன், ஒருவன். அபூபக்கர் அவரை மீட்டு விடுதலை செய்தார். 624இல் பத்ருப் போரில் உமையா கொல்லப்பட்டபோது பிலாலும் அந்தக் களத்தில் இருந்தார்.

மதீனாவில் தொழுகைக்கு மக்களை எப்படி அழைப்பது என்ற பேச்சு எழுந்தது. அழைப்பின் சொற்களைக் கனவில் கேட்டவர் அப்துல்லாஹ் இப்னு ஸைத் என்ற மதீனாக்காரர். ஆனால் நபிகள் அவரிடம், பிலாலுக்குச் சொல்லிக்கொடுங்கள், அவருடைய குரல் உங்களுடையதைவிட வளமானது என்றார். அடிமை என்றால் யார்? கூப்பிட்டால் ஓடி வருகிறவர். அந்த வேலையையே செய்து வளர்ந்தவர் இப்போது அழைக்கிறார். எஜமானர்களாக இருந்தவர்கள் வருகிறார்கள்.

ஊருக்குச் செய்தி சொல்லும் வேலை நம் மக்களுக்கும் இருந்ததே என்று கேட்கலாம். இருந்தது. தண்டோரா போட்டு ஊர்க்கூட்டத்துக்கு அழைத்தவர் அந்தக் கூட்டத்தில் உட்கார முடியாது. சொல்லிவிட்டு ஒதுங்கி நிற்க வேண்டும். தண்டோரா வழக்கத்தை நிறுத்தும்படி தமிழ்நாடு அரசு 2022இல்தான் உத்தரவு போட்டது. பிலால் அழைத்துவிட்டு ஒதுங்கவில்லை, அதே வரிசையில் தோளோடு தோள் நின்றார். அழைக்கும் வேலை இரண்டு இடத்திலும் ஒன்றுதான். அழைத்தவர் பிறகு எங்கே நின்றார் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

630இல் மக்கா வசமானபோது கஅபாவின் மேல் ஏறி அழைக்கும்படி நபிகள் பிலாலைத்தான் சொன்னார். கீழே நின்ற குறைஷிப் பெருமக்கள் சிலருக்கு அது பொறுக்கவில்லை. இதைப் பார்க்காமல் என் தந்தை செத்தாரே என்று ஒருவர் ஆறுதல்பட்டார். இந்தக் கறுப்புக் காகத்தைத் தவிர வேறு ஆள் கிடைக்கவில்லையா என்று இன்னொருவர் கேட்டார். குலங்களாகவும் இனங்களாகவும் மனிதர் பிரிந்திருப்பது ஒருவரையொருவர் அறிவதற்குத்தான், பிறப்பால் எவருக்கும் மேன்மை இல்லை என்ற கருத்தைச் சொல்லும் குர்ஆன் வசனம் (49:13) இதையொட்டி அருளப்பட்டது என்பது ஒரு மரபு.

குறைஷிகள் மட்டும்தான் இப்படிப் பேசினார்கள் என்றில்லை. நபித்தோழரான அபூதர் ஒருவரை அவருடைய தாயைச் சொல்லி இழிவுபடுத்தினார். உன்னிடம் இன்னும் அறியாமைக் காலம் மிச்சமிருக்கிறது என்று நபிகள் கண்டித்தார். ஹதீஸ் நூலில் அந்த மனிதரின் பெயர் இல்லை. அவர் பிலால்தான், ‘கறுப்பியின் மகனே’ என்பதுதான் வசவு என்று பிற்கால மரபு சொல்கிறது. கொள்கையை ஏற்றவருக்குள்ளும் பழைய திமிர் ஒட்டிக்கொண்டிருக்கும் என்பதை அந்தச் சமூகமே பதிவுசெய்து வைத்திருக்கிறது.

நபிகளின் மறைவுக்குப் பிறகு பிலால் சிரியாவுக்குப் போனார். 640ஐ ஒட்டி அங்கேயே இறந்தார். டமாஸ்கஸின் பாப் அஸ்ஸகீர் அடக்கத்தலத்தில் அவருடையது என்று போற்றப்படும் அடக்கவிடம் இருக்கிறது. அதன் பிறகு அவருடைய பெயர் பயணம் போனது.

மேற்கு ஆப்பிரிக்காவில் மாலிப் பேரரசை ஆண்ட கெய்த்தா வம்சத்தினர் தங்கள் முன்னோராகப் பிலாலைச் சொல்லிக்கொண்டார்கள். பேரரசர்கள் ஓர் அடிமையை மூதாதையாகக் கோருவதை நினைத்துப் பாருங்கள். மொராக்கோவில் சஹாராவுக்குத் தெற்கிலிருந்து பிடித்து வரப்பட்ட அடிமைகளின் வழிவந்த க்னாவா மக்கள் பிலாலைத் தங்கள் ஆன்மிகத் தந்தையாகக் கொண்டார்கள். எஸ்ஸவீரா நகரில் அவர் பெயரில் அவர்களுக்கு ஒரு மடம் இருக்கிறது. அமெரிக்காவில் ஜார்ஜியா மாநிலத்தின் சப்பேலோ தீவுத் தோட்டத்தில் 19ஆம் நூற்றாண்டில் அடிமையாக இருந்த பிலாலி முகமது, அரபியில் எழுதிய 13 பக்கக் கையெழுத்துப் படி இன்றும் பாதுகாக்கப்படுகிறது. 1975இல் அமெரிக்கக் கறுப்பின முஸ்லிம்களின் தலைவரான வாரித் தீன் முகமது, தம் இயக்க இதழின் பெயரைப் ‘பிலாலியன் நியூஸ்’ என்று மாற்றினார். ‘நீக்ரோ’ என்ற பெயர் வெள்ளையர் வைத்தது. தங்களைப் ‘பிலாலியர்’ என்று அழைத்துக்கொள்வோம் என்றார்கள். மலாய் மொழியில் ‘பிலால்’ என்றாலே பள்ளிவாசலில் பாங்கு சொல்பவர் என்றுதான் பொருள். ஓர் ஆளின் பெயர் ஒரு பொறுப்பின் பெயராகிவிட்டது.

ஆக, பிலால் என்ற சொல்லுக்கு அகராதி தந்த பொருள் ஈரம். அந்த மனிதரும் அவருக்குப் பின்வந்த அடிமைகளும் சேர்ந்து தந்த பொருள் விடுதலை.

இங்கேயே முடித்தால் வசதியாக இருக்கும். ஆனால் இன்னொரு பக்கமும் இருக்கிறது. பிலாலைப் போற்றிக்கொண்டே அந்த மக்கள் அடிமைகளையும் வைத்திருந்தார்கள். சவுதி அரேபியாவில் அடிமைமுறை ஒழிக்கப்பட்டது 1962இல். மொரித்தானியாவில் 1981இல், அதைத் தண்டனைக்குரிய குற்றமாக்கியது 2007இல்தான். அங்கே அடிமைகளின் வழிவந்த ஹராத்தீன் மக்களும் முஸ்லிம்கள், எஜமானர்களும் முஸ்லிம்கள். அந்த மக்களில் ஒருவரான பிராம் தா அபைத் 2012இல் அடிமைமுறையை நியாயப்படுத்தும் பழைய சட்ட நூல்களைப் பொதுவெளியில் எரித்தார், சிறைக்குப் போனார். அவர் மதத்தை விட்டு வெளியேறி எரிக்கவில்லை, முஸ்லிமாக நின்றே எரித்தார். 1927 டிசம்பர் 25 அன்று மகாத்தில் மனுஸ்மிருதி எரிக்கப்பட்டதை அறிந்தவர்களுக்கு அந்தத் தீ புதிதல்ல.

இந்தியாவிலும் இதே கதைதான். 1901ஆம் ஆண்டு வங்காள மக்கள்தொகைக் கணக்கெடுப்பு, முஸ்லிம்களில் ‘அர்ஸல்’ எனப்பட்ட கடைநிலைப் பிரிவினர் பள்ளிவாசலுக்குள் நுழையவும் பொது அடக்கத்தலத்தைப் பயன்படுத்தவும் தடை இருந்ததாகக் குறித்தது. பாகிஸ்தான் பற்றிய தம் நூலில் அண்ணல் அம்பேத்கர் அதை எடுத்துக்காட்டினார். பள்ளிவாசலின் முதல் குரல் ஓர் அடிமையுடையது என்று பெருமை பேசிய சமூகத்தில்தான் இது நடந்தது.

‘எங்களிடம் பிலால் இருக்கிறார், ஆகவே எங்களிடம் ஏற்றத்தாழ்வு இல்லை’ என்பது வாதமல்ல, தப்பித்தல். அரசும் இதே தப்பித்தலைச் செய்கிறது. 1950ஆம் ஆண்டின் பட்டியல் சாதிகள் ஆணை இந்துக்களுக்கு என்று தொடங்கி, 1956இல் சீக்கியரையும் 1990இல் பௌத்தரையும் சேர்த்தது. இஸ்லாத்தில் சாதி இல்லை என்ற காரணம் சொல்லித் தலித் முஸ்லிம்கள் இன்றுவரை வெளியே. மதத்தைப் பார்க்காமல் தகுதி வழங்கலாம் என்று ரங்கநாத் மிஸ்ரா ஆணையம் 2007இல் பரிந்துரைத்தும் அது கிடப்பில் இருக்கிறது.

நம் அனுபவமும் வேறல்ல. அண்ணல் படத்துக்கு மாலை போடாத கட்சி இல்லை. அதே ஊரில் அவர் சிலை கம்பிக் கூண்டுக்குள் நிற்கிறது. பெயரைக் கொண்டாடுவது சுலபம், அந்தப் பெயருக்குரியவரின் பிள்ளைகளைப் பக்கத்தில் நிற்க விடுவதுதான் கடினம்.

அதற்காகப் பெயர் முக்கியமில்லை என்று ஆகிவிடாது. தோழர் திருமாவளவன் தம் தந்தையார் ராமசாமியின் பெயரைத் தொல்காப்பியன் என்று மாற்றி, ஆயிரக்கணக்கானவர்களைத் தமிழ்ப் பெயர் சூட்டிக்கொள்ளச் செய்தபோது, பெயர் வைக்கும் அதிகாரத்தை எஜமானனிடமிருந்து திரும்ப வாங்கினார். மதம் மாறியவர்கள் புதுப்பெயர் ஏற்றதும் அதே போராட்டத்தின் இன்னொரு வடிவம்தான். பிலால் என்று பிள்ளைக்குப் பெயர் வைக்கிறவர்களிடம் கேட்க ஒன்றுதான் இருக்கிறது. அந்தப் பிள்ளை வளரும்போது, நெஞ்சின்மேல் இருந்த பாறையைப் பற்றி மட்டும் சொல்லாதீர்கள். அதை ஏற்றி வைத்தவர் யார், காகம் என்றவர்கள் யார், இன்று அப்படிப் பேசுகிறவர்கள் யார் என்பதையும் சேர்த்துச் சொல்லிக்கொடுங்கள்.