இலைக்குள் ஒரு கேடயம்

தாமரை இலையை எப்போதாவது கையில் எடுத்துத் திருப்பிப் பார்த்திருக்கிறீர்களா? அடுத்த முறை கோயில் குளத்துப் பக்கம் போனால் பாருங்கள். மாவிலை, வெற்றிலை, அரச இலை... இவற்றுக்கெல்லாம் காம்பு எங்கே சேருகிறது? இலையின் ஓரத்தில். தாமரையின் கதை வேறு. சேற்றிலிருந்து கிளம்பி வரும் தண்டு, இலையின் நடுவயிற்றில் நேராகப் போய் முட்டி நிற்கும். குடைக்குப் பிடி மாதிரி! அந்த மையத்திலிருந்து நரம்புகள் குடைக்கம்பிகளாக நாலாபக்கமும் விரியும்.

பக்கத்திலேயே அல்லி மிதந்தால் அதையும் பாருங்கள். அதுவும் வட்ட இலைதான். ஆனால், ஓரத்திலிருந்து காம்பு வரை கத்தரிக்கோலால் வெட்டினாற்போல ஒரு பிளவு இருக்கும். தாமரையில் அந்தப் பிளவு கிடையாது. பூவே பூக்காத குளத்திலும், இது தாமரையா அல்லியா என்று இலையை வைத்தே சொல்லிவிடலாம்.

காலி மனையில் முளைத்து நிற்கும் ஆமணக்கு? விரல் விரலாகப் பிரிந்த இலை. தாமரைக்கும் அதற்கும் தோற்றத்தில் ஸ்நானப்பிராப்தி கிடையாது. ஆனால் திருப்பிப் பார்த்தால் அங்கேயும் காம்பு ஓரத்தில் இல்லை. கொஞ்சம் உள்ளே தள்ளி, அடிப்பக்கத்தில்தான் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

இந்த இரண்டு இலைகளுக்கும் சேர்த்துத் தாவரவியல்காரர்கள் ஒரே ஒரு வார்த்தை வைத்திருக்கிறார்கள். 'பெல்டேட்'. கேடயம் போன்ற இலை என்று அர்த்தம். 'ஓஹோ, கேடயம் மாதிரி வட்டமா இருக்கும்போல' என்றுதான் முதலில் தோன்றும். வார்த்தையின் குறி அங்கே இல்லை. இலையின் ஓரம் வட்டமோ, கோணமோ, விரலோ... எப்படி வேண்டுமானாலும் இருந்துவிட்டுப் போகட்டும். காம்பு எங்கே பிடித்திருக்கிறது என்பதுதான் கேள்வி. கேடயத்தைப் பின்புறமிருந்து கை பிடிக்கிற மாதிரி, இலையை அதன் அடிப்பரப்பிலிருந்து காம்பு பிடித்திருந்தால் அது பெல்டேட்.

சரி, எந்தக் கேடயம்? அதற்கு 2,400 வருஷம் பின்னால் போக வேண்டும்.

கிரேக்கத்துக்கு வடக்கே த்ரேஸ் என்று ஒரு மலைநாடு. இன்றைக்கு பல்கேரியா, கிரீஸ், துருக்கி என்று மூன்றாகப் பங்கு போட்டுக்கொண்டிருக்கும் பகுதி. அந்த ஊர் வீரர்கள் பிரம்பைப் பின்னி, மேலே ஆட்டுத்தோலைப் போர்த்தி, பிறை வடிவத்தில் ஒரு சின்னக் கேடயம் வைத்திருந்தார்கள். பெயர் 'பெல்டே'. அதை ஏந்தியவன் 'பெல்டாஸ்ட்'. கையில் சில எறியீட்டிகள். உடம்பில் கவசம் இல்லை. நினைத்தால் ஓடலாம், நினைத்தால் நிற்கலாம்.

கிரேக்கத்தின் கனவான் வீரர்களுக்கு இவர்களைக் கண்டால் இளக்காரம். அவர்கள் தூக்கியது மரத்தாலான பெரிய வட்டக் கேடயம். எடை ஆறேழு கிலோ இருக்கும். தோளோடு தோள் உரச, வரிசை கலையாமல் நடப்பதுதான் அவர்கள் போர்முறை. அதில் உச்சம் ஸ்பார்ட்டா. 'ஸ்பார்ட்டாக்காரன் வரிசையை உடைக்க எவன் இருக்கிறான்?' என்று கிரேக்கமே நம்பிக்கொண்டிருந்த காலம்.

கி.மு. 390. கொரிந்த் நகரத்துக்குப் பக்கத்தில் லெக்கேயம் துறைமுகம். சுமார் 600 ஸ்பார்ட்டா வீரர்கள், திருவிழாவுக்காக ஊர் திரும்பிய தங்கள் சகாக்களைக் கொஞ்ச தூரம் கொண்டுபோய் விட்டுவிட்டுத் திரும்பி நடந்து வருகிறார்கள். குதிரைப்படை கூட இல்லை. கொரிந்த் கோட்டையிலிருந்து இதைப் பார்த்துவிட்டான் இஃபிக்ரடீஸ் என்ற ஏதென்ஸ் தளபதி. பெல்டாஸ்டுகளை ஏவிவிட்டான்.

ஓடி வந்தார்கள், ஈட்டியை எறிந்தார்கள், திரும்பி ஓடினார்கள். ஸ்பார்ட்டாக்காரர்கள் துரத்தினார்கள். அவ்வளவு கனத்தைச் சுமந்துகொண்டு எங்கே பிடிப்பது? மூச்சு வாங்க வரிசைக்குத் திரும்பினால், மறுபடி ஈட்டி மழை! சாயங்காலத்துக்குள் கிட்டத்தட்ட 250 ஸ்பார்ட்டா வீரர்கள் பிணமானார்கள். கிரேக்கமே அதிர்ந்தது. யாரும் மதிக்காத அந்தத் தோல் கேடயத்தின் பெயர் வரலாற்றில் ஏறி உட்கார்ந்துகொண்டது. கிரேக்கத்திலிருந்து லத்தீனுக்குப் போய் 'பெல்டா' ஆனது.

போர்க்களத்திலிருந்து அது பூந்தோட்டத்துக்கு வந்து சேர 2,000 வருஷங்களுக்கு மேல் ஆயிற்று. கூட்டி வந்தவர்களில் முக்கியமானவர் ஸ்வீடன்காரரான கார்ல் லின்னேயஸ்.

1735-ல் லின்னேயஸ் ஹாலந்துக்கு வந்தபோது வயது 28. அங்கே ஜார்ஜ் கிளிஃபர்ட் என்று ஒரு பெரும் பணக்காரர். ஆம்ஸ்டர்டாம் வங்கியாளர், டச்சு கிழக்கிந்தியக் கம்பெனியின் இயக்குநர்களில் ஒருவர். உலகம் முழுக்கக் கப்பல் போய் வருகிற கம்பெனி என்றால் தோட்டத்தில் செடிக்கா பஞ்சம்? ஹார்லெம் நகரத்துக்கு அருகே இருந்த தன் ஹார்ட்டகாம்ப் தோட்டத்தில் உள்ள செடிகளையெல்லாம் வரிசைப்படுத்தச் சொல்லி லின்னேயஸை வேலைக்கு வைத்துக்கொண்டார்.

அந்த நாளில் ஒரு செடியை இன்னொருவருக்கு விளக்குவது பெரிய அவஸ்தை. போட்டோ கிடையாது. ஓவியம் வரைய ஆள் தேடவேண்டும், செலவும் அதிகம். எழுத்தில் சொல்லலாமென்றால் 'நீளமாக, ஆனால் ரொம்ப நீளமாக இல்லாமல், நுனியில் கூராக...' என்று பத்தி பத்தியாக ஓடும். ஒருவர் எழுதியதை வைத்து இன்னொருவர் வேறு செடியைப் பிடுங்கிக்கொண்டு வந்து நிற்பார்.

லின்னேயஸ் கண்ட வழி எளிமையானது. ஒரு வடிவத்துக்கு ஒரு வார்த்தை. அதற்கு ஒரே ஒரு பொருள். 1751-ல் அவர் வெளியிட்ட 'ஃபிலாசபியா பொட்டானிகா' என்ற நூலில் இலை வடிவங்களைப் படமாகவே போட்டு, ஒவ்வொன்றுக்கும் பெயரும் விளக்கமும் கொடுத்தார். அதில் பாதி ஆயுதக்கிடங்கைத் திறந்துவிட்ட மாதிரி இருக்கும்! ஈட்டிமுனை போன்ற இலை 'லான்சியோலேட்'. அம்புமுனை போன்றது 'சாஜிட்டேட்'. பக்கவாட்டில் இரண்டு கொம்பு நீட்டிய வேல் போன்றது 'ஹேஸ்டேட்'. வாள் போன்றது 'என்சிஃபார்ம்'. காம்பு இலையின் பரப்பில் பதிந்திருந்தால், பெல்டேட்.

எதற்கு இத்தனை ஆயுதம்? ஐரோப்பாவில் படித்தவன் என்றால் லத்தீன் படித்தவன் என்று அர்த்தம். லத்தீன் படித்தவன் சண்டைக் கதைகள் படித்தே வளர்ந்தவன். லிஸ்பனில் இருந்தாலும் உப்சாலாவில் இருந்தாலும் ஈட்டி, அம்பு, கேடயம் என்றால் மனதில் ஒரே படம்தான் வரும். லின்னேயஸுக்கு வேண்டியதும் அந்த ஒரே படம்தான்.

கேடயத்தின்மேல் மனிதருக்குத் தனி ஆசை இருந்திருக்க வேண்டும். பெரு நாட்டிலிருந்து ஐரோப்பாவுக்கு வந்த ஒரு கொடி... ஊட்டி, கொடைக்கானல் தோட்டங்களில் ஆரஞ்சும் மஞ்சளுமாகப் பூக்கும் நஸ்டர்ஷியம்தான். வட்ட இலை, அடியில் நடுவே காம்பு. கிரேக்கர்கள் போரில் ஜெயித்ததும், எதிரி புறமுதுகு காட்டிய இடத்தில் ஒரு மரக்கம்பத்தை நட்டு, பிடுங்கிய கேடயங்களையும் தலைக்கவசங்களையும் அதில் தொங்கவிடுவார்கள். கம்பில் ஏறிய இந்தக் கொடியைப் பார்த்த லின்னேயஸுக்கு அந்தக் காட்சிதான் ஞாபகம் வந்தது. இலைகள் கேடயங்கள், பூக்கள் ரத்தக்கறை படிந்த தலைக்கவசங்கள்! அந்தக் கம்பத்துக்குக் கிரேக்கத்தில் 'ட்ரோபாயன்' என்று பெயர். செடிக்கு 'ட்ரோபியோலம்' என்று வைத்துவிட்டார். நம்ம பையன்கள் கிரிக்கெட்டில் ஜெயித்துத் தூக்குகிற 'ட்ராஃபி'யும் அதே கம்பத்திலிருந்து வந்த வார்த்தைதான்.

நம் தெருவோரத்தில் மஞ்சள் பூவைக் கொட்டித் தீர்க்கும் பெருங்கொன்றை மரம்கூட இந்தக் கூட்டத்தில் ஒன்று. தாவரவியல் பெயர் 'பெல்டோஃபோரம்'. கேடயம் தாங்கி என்று பொருள். அங்கே இலை காரணமில்லை. பூவுக்குள் இருக்கும் சூல்முடி கேடயம் போல இருப்பதால் வந்த பெயர்.

'சரிங்க... இலைக்கு நடுவுல காம்பு இருந்தா என்ன, ஓரத்துல இருந்தா என்ன? அதுக்கு ஒரு வார்த்தை தெரிஞ்சு நமக்கு என்ன ஆகப்போகுது?'

நியாயமான கேள்வி. பதில் பெல்ஜியத்தில் இருக்கிறது.

1992. பிரஸ்ஸல்ஸ் நகரத்தில் சிறுநீரக மருத்துவர்களுக்கு ஒரு குழப்பம். ஐம்பது வயதுகூட ஆகாத பெண்கள், அதுவரை சிறுநீரகத்தில் எந்தக் கோளாறும் இல்லாதவர்கள், அடுத்தடுத்து வருகிறார்கள். சிறுநீரகம் சுருங்கி, வேகமாகச் செயலிழந்துகொண்டிருக்கிறது. சர்க்கரை நோய், ரத்த அழுத்தம் என்று வழக்கமான காரணம் எதுவும் பொருந்தவில்லை. விசாரித்தால் ஓர் ஒற்றுமை. எல்லோரும் உடம்பு இளைக்க ஒரே எடைக்குறைப்பு மையத்துக்குப் போனவர்கள்!

அந்த மையம் பல வருஷங்களாக நடந்துவந்ததுதான். அதுவரை இப்படி ஒரு புகார் இல்லை. 1990-ல் மாத்திரையின் கலவையை மாற்றி, சீன மூலிகைப் பொடிகளைச் சேர்த்திருந்தார்கள். அதில் ஒன்று 'ஸ்டெஃபானியா டெட்ராண்ட்ரா' என்ற கொடியின் வேர். சீன மருத்துவத்தில் நெடுங்காலமாகப் புழங்கும் சரக்கு. அது எப்படி இப்படிச் செய்யும்?

வான்ஹெர்வெகெம் என்ற மருத்துவரும் அவர் குழுவினரும் 1993-ல் 'லான்செட்' இதழில் இந்த விவரத்தை வெளியிட்டார்கள். அடுத்த வருஷம் பொடியை ரசாயனப் பரிசோதனை செய்தபோது குட்டு உடைந்தது. பெரும்பாலான மாதிரிகளில் ஸ்டெஃபானியாவே இல்லை. இருந்தது 'அரிஸ்டலோக்கியா' என்ற வேறொரு கொடியின் வேரில் உள்ள அரிஸ்டலோக்கிக் அமிலம். சிறுநீரகத்துக்கு எமன்!

ஆள் மாறாட்டம் எப்படி நடந்தது? பெயரால்தான். சீனத்தில் ஸ்டெஃபானியாவுக்கு 'ஹான் ஃபாங் ஜி' என்று பெயர். அரிஸ்டலோக்கியாவுக்கு 'குவாங் ஃபாங் ஜி'. வியாபாரத்தில் இரண்டும் சுருக்கமாக 'ஃபாங் ஜி'. கேட்டவர் ஒன்றைக் கேட்டார், வந்தது இன்னொன்று.

இப்போது இலைக்கு வருவோம். ஸ்டெஃபானியாவின் இலை பெல்டேட். காம்பு இலையின் அடிப்பரப்பில் பதிந்திருக்கும். அரிஸ்டலோக்கியாவுக்குக் காம்பு ஓரத்தில். இரண்டு கொடிகளும் உயிரோடு நிற்கும்போது இலையைத் திருப்பிப் பார்த்தால் போதும். நோயாளியைக் காப்பாற்றுகிற அடையாளம் அந்தக் காம்பில் இருக்கிறது. ஆனால் கப்பலேறியது காய்ந்த வேர். வேரிலிருந்து பொடி. பொடியிலிருந்து மாத்திரை. இலை, எங்கோ சீனத்து மலைச்சரிவிலேயே உதிர்ந்துபோயிற்று.

பாதிக்கப்பட்டவர்கள் 100-க்கும் மேல். பலருக்கு டயாலிசிஸ், சிறுநீரக மாற்று அறுவைச் சிகிச்சை. அதோடு நிற்கவில்லை. அந்த அமிலம் புற்றுநோயையும் கொண்டுவரும் என்ற சந்தேகத்தில், சிறுநீரகம் முற்றிலும் பழுதான 39 பேருக்கு அந்த உறுப்புகளை முன்னெச்சரிக்கையாக அகற்றிச் சோதித்தார்கள். 18 பேருக்கு சிறுநீர்ப் பாதையில் புற்றுநோய் இருந்தது. 2000-ல் இந்த முடிவு வெளியானது. இரண்டு வருஷம் கழித்து, உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு அரிஸ்டலோக்கியா கலந்த மூலிகைகளை, மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்குபவை என்ற முதல் பட்டியலில் சேர்த்தது.

'அது சீனத்துச் சரக்கு, நமக்கென்ன' என்று நகர்ந்துவிட முடியாது. நம் வேலியோரத்து ஈஸ்வர மூலியும், கரிசல் காட்டு ஆடுதீண்டாப்பாளையும் அதே அரிஸ்டலோக்கியா குடும்பம்தான். அதே அமிலம் இவற்றிலும் உண்டு. ஆடுகூடத் தீண்டாது என்று பெயரிலேயே எச்சரித்து வைத்திருக்கிறார்கள் நம் ஊர்க்காரர்கள்!

இன்றைக்கு மூலிகைப் பொடி டப்பாக்கள் கடைதோறும் அடுக்கி வைக்கப்பட்டிருக்கின்றன. பச்சையாகவோ பழுப்பாகவோ எல்லாப் பொடியும் பார்வைக்கு ஒன்றுதான். இலை, காம்பு, பூ எதுவும் நம் கண்ணுக்கு வராது. அதனால் வாங்குமுன் டப்பாவைத் திருப்பிப் பாருங்கள். செடியின் தாவரவியல் பெயர் இரண்டு வார்த்தையாக முழுசாக அச்சிடப்பட்டிருக்கிறதா? செடியாக நின்றபோதே அதை அடையாளம் பார்த்து எடுத்தவர் யார் என்று கேட்டால் கடைக்காரருக்குப் பதில் தெரிகிறதா?

தெரியவில்லை என்றால் டப்பாவை அங்கேயே வைத்துவிட்டு வந்துவிடுங்கள்.