சிரிப்பின் அம்பு எவர்மீது?

ஜவ்வாது மலையின் அடிவாரத்திலுள்ள படவேட்டுக்குச் செல்வோர், மண்ணில் புதையுண்டு மீட்கப்பட்ட பழங்கோயில்களைக் காண்பர். பதினான்காம் நூற்றாண்டில் இவ்வூர் சம்புவராயர்களின் தலைநகராக விளங்கியது. அவர்கள் இங்கு ஆண்ட நாள்களில்தான் தில்லி அரியணையில் முகமது பின் துக்ளக் (1325–1351) வீற்றிருந்தார். தலைநகரைத் தௌலதாபாத்துக்கு மாற்றியும், வெள்ளிக்கு ஈடாகச் செப்பு நாணயம் வெளியிட்டுப் பின் அதைத் திரும்பப் பெற்றும் குடிகளை அவர் அலைக்கழித்த கதையை நாம் பள்ளியில் படித்திருக்கிறோம்.

ஆயினும், துக்ளக் என்றதும் தமிழர் நினைவுக்கு முதலில் வருபவர் சுல்தான் அல்லர், சோ ராமசாமியே. 1968-இல் அவர் மேடையேற்றிய ‘முகமது பின் துக்ளக்’ நாடகம், 1971-இல் அவரது இயக்கத்திலேயே, எம்.எஸ். விசுவநாதனின் இசையுடன் திரைப்படமாயிற்று. துக்ளக்கும் அவரிடம் பணியாற்றிய பயணி இபின் பதூதாவும் கல்லறையினின்று உயிரோடு எழுந்து வந்ததாக நாடு நம்புகிறது. துக்ளக் தேர்தலில் நின்று பிரதமர் ஆகிறார். பாரசீகத்தை ஆட்சிமொழி ஆக்குகிறார். பதவிகளை வாரி வழங்குகிறார். அரங்கம் குலுங்கிச் சிரித்தது.

அன்று அவ்வாறு சிரிக்க இடமிருந்தது. 1975 ஜூன் 25-ஆம் நாள் நெருக்கடிநிலை அறிவிக்கப்பட்டபின் அந்த இடம் இல்லாமற்போயிற்று. செய்தித்தாள்கள் தணிக்கைக்கு உட்பட்டன. சோ நடத்திய ‘துக்ளக்’ இதழும் அதற்குத் தப்பவில்லை. அமிர்த் நாகட்டா எடுத்திருந்த ‘கிஸ்ஸா குர்சி கா’ என்னும் இந்தி அரசியல் நையாண்டிப் படத்தின் பிரதிகள் கைப்பற்றப்பட்டு எரிக்கப்பட்டன. நெருக்கடிநிலை நீங்கிய பின்னரே அப்படம் மீண்டும் எடுக்கப்பட்டு மக்களிடம் வந்தது. அளவற்ற அதிகாரம் வாளுக்கு அஞ்சுவதைவிடச் சிரிப்புக்கு அதிகம் அஞ்சுகிறது.

ஆனால், சிரிப்பின் அம்பு ஆள்வோரை மட்டுமா தைக்கிறது? சோவின் படத்தின் முடிவை எண்ணிப் பார்ப்போம். துக்ளக்கும் பதூதாவும் உண்மையில் வேடதாரிகள்; நாட்டின் அரசியல் சீர்கேட்டை மக்களுக்கு உணர்த்தவே வேடம் புனைந்தவர்கள். உரிய வேளையில் உண்மையை அறிவிப்பதென்பது அவர்கள் செய்துகொண்ட உறுதி. பதவியின் சுவை கண்ட துக்ளக் அதற்கு மறுக்கிறார். பதூதாவாக நடித்தவர் மக்கள்முன் உண்மையை உரைக்கிறார். மக்களோ அவரைத் துரோகி என்று நம்பி அடித்துக் கொல்கின்றனர். இங்கே அரங்கின் சிரிப்பு அடங்கிவிடுகிறது.

நாத்தான் இறைவாக்கினர் தாவீதிடம் ஓர் ஏழையின் ஆட்டுக்குட்டியைப் பற்றிய கதையைச் சொன்னார். கதையில் வரும் கொடியவன்மீது சினந்த அரசன், அவன் தானேதான் என்பதைப் பிறகே உணர்ந்தான். இந்த நகைச்சுவைப் படமும் அத்தகைய கதையே. கோமாளி அரசனைக் கண்டு சிரித்துக்கொண்டிருந்த நாம், அவனை அரியணை ஏற்றிய கூட்டத்தில் நம் முகத்தைக் காண்கிறோம்.

வரலாறும் நம்மை இவ்வாறே வினவுகிறது. 1977 மார்ச்சுத் தேர்தலில் வடநாட்டு மக்கள் இந்திரா காந்தியின் ஆட்சியை வீழ்த்தினர். தமிழகத்திலோ 39 இடங்களில் 34 இடங்களைக் காங்கிரசு இடம்பெற்ற அணியே வென்றது. வடக்கே நடந்த கட்டாயக் கருத்தடையின் கொடுமையை இங்குள்ளோர் அந்த அளவுக்கு அனுபவிக்கவில்லை. ஆயினும் சென்னைச் சிறையில் அடியுண்ட முன்னாள் மேயர் சிட்டிபாபு அவ்வாண்டின் தொடக்கத்தில்தான் உயிர்நீத்திருந்தார். நம் பெற்றோரும் வாக்களித்த தேர்தல் அது. அவர்களைப் பழிப்பது நம் நோக்கமன்று. தன் வாசலுக்கு வராத துன்பத்தை மனிதன் எளிதில் மறந்துவிடுகிறான் என்பதே நாம் கற்க வேண்டிய பாடம்.

சம்புவராயர்களும் மறைந்தனர், துக்ளக்குகளும் மறைந்தனர். படவேட்டின் கோயில்களை மண் மூடியதுபோல, நம் மனச்சான்றையும் மறதி மூடிவிடுகிறது. சில வேளைகளில் அதைத் தோண்டி எடுக்க ஒரு நல்ல நகைச்சுவை போதும். ஆள்வோரைப் பார்த்துச் சிரிக்கும் உரிமையைக் காப்போம். அச்சிரிப்பின் நடுவே நம்மையும் ஒருமுறை பார்த்துக்கொள்வோம்.