மணலுக்குள் போட்ட அஸ்திவாரம்

அஸ்திவாரம் என்றால் பாறை வரை தோண்ட வேண்டும் என்றுதான் சிவில் படித்த நமக்கெல்லாம் முதலில் தோன்றும். காவிரியில் பாறைக்கு எங்கே போவது? தோண்டத் தோண்ட மணல்தான்! கரிகாலன் கட்டியதாகச் சொல்லப்படும் கல்லணையில் நம் முன்னோர் செய்தது, வேலையில் பத்து வருஷம் ஆன பிறகும் எனக்கு வியப்புதான். பெரிய கற்களை ஆற்றில் போட்டார்கள். அடிமணல் அரிக்க அரிக்கக் கல் இறங்கியது. அதன்மேல் இன்னொரு கல். இனி இறங்காது என்ற நிலை வந்ததும் அதுவே அஸ்திவாரம். கற்களை இணைத்தது களிமண்.

ஆழம் தெரியாத மணலில் அஸ்திவாரம் போடும் வித்தையை இவர்களிடமே கற்றதாக ஆர்தர் காட்டன் மனம்விட்டு எழுதியிருக்கிறார். அந்தப் பாடத்தோடு 1836-இல் முக்கொம்பில் மேலணையைத் தொடங்கினார். கோதாவரியில் அவர் கட்டிய தவளேஸ்வரம் அணை 1852-இல் முடிந்தது.

ஆனால் 2018 ஆகஸ்ட் 22 இரவு, வெள்ளத்தில் மேலணையின் கொள்ளிடப் பக்கம் 9 மதகுகள் சரிந்தன. 180 வருஷம் நின்றது ஒரே ராத்திரியில் போச்சு!

தம்பி தங்கைகளே, மணல் ஓய்வதே இல்லை. டிசைன் போட்டதோடு நம்ம வேலை முடிவதும் இல்லை. வெள்ளம் வடிந்ததும் ஆற்றில் இறங்கி அணையின் அடியைப் பார்க்கவும் பழகுங்கள்.