வேறொருவர் பெயரில் நிற்கும் காட்சிகள்

காஞ்சிபுரத்தில் ‘வேலைக்காரி’ என்று சொன்னால் உடனே அண்ணா பெயர்தான் வரும். சொந்த ஊர்க்காரர் எழுதியது, வராமல் இருக்குமா? கத்தியை விட்டுவிட்டுப் புத்தியைத் தீட்டச் சொல்லும் அந்தப் பட வசனம் மேடை மேடையாக ஏறி, பழமொழி மாதிரியே ஆகிவிட்டது. அதைத் திரையில் சொன்னது கதாநாயகன் கே.ஆர்.ராமசாமி என்றுதான் நானும் பல வருஷம் நினைத்திருந்தேன். படத்தைப் போட்டுப் பார்த்தபோதுதான், அட, இது பாலையாவாச்சே என்று உறைத்தது.

கே.ஆர்.ராமசாமியின் நாடகக் குழுவுக்காக அண்ணா எழுதிய நாடகம் அது. 1949இல் ஜூபிடர் பிக்சர்ஸ் படமாக்கியது, இயக்கம் ஏ.எஸ்.ஏ.சாமி. அப்பாவைச் சாகவிட்ட பணக்காரரைக் கொல்லத் துடிக்கிறான் ஆனந்தன். அவனை உட்காரவைத்துப் பேசி, பழியைப் புத்தியால் தீர்க்கலாம் என்று வழி காட்டுகிற நண்பன் மணி. கதையே அந்த இடத்தில்தான் திரும்புகிறது. அங்கே டி.எஸ்.பாலையா குரலை உயர்த்துவதைவிட யோசித்துப் பேசுகிறார். ஆத்திரம் முழுக்க ராமசாமிக்கு, நிதானம் முழுக்க இவருக்கு. ஆனால் வசனம் அண்ணாவின் கணக்கில் போய்ச் சேர்ந்தது, படம் ராமசாமியின் கணக்கில்.

இந்த ஊரில் கோர்வைப் பட்டு நெய்யும் தறியில் ஓரத்தில் இன்னொரு ஆள் உட்கார்ந்திருப்பார். உடல் ஒரு நிறம், கரை ஒரு நிறம். கரைக்கான நாடாவை எறிந்து கொடுப்பது அவர் வேலை. சேலையை நெய்தது யார் என்று கேட்டால் அவர் பெயரை யாரும் சொல்வதில்லை.

பாலையா நாடகத்திலிருந்து வந்தவர். முதல் படம் 1936இல் எல்லிஸ் ஆர்.டங்கன் இயக்கிய ‘சதி லீலாவதி’. எம்.ஜி.ஆருக்கும்கூட அதுதான் முதல் படம். எம்.ஜி.ஆருக்குச் சின்ன இன்ஸ்பெக்டர் வேஷம்; பாலையாவுக்கோ நாயகனைக் குடியில் தள்ளிக் கெடுக்கிற பெரிய வேஷம். அடுத்த வருஷம் ‘அம்பிகாபதி’யில் ருத்ரசேனன். 1947இல் ‘ராஜகுமாரி’யில் எம்.ஜி.ஆர் கதாநாயகனாகிவிட்டார். பாலையாவும் அந்தப் படத்தில் இருக்கிறார், பழைய இடத்திலேயே. 1956இல் ‘மதுரை வீரன்’ வந்தபோதும் எம்.ஜி.ஆர் வீரன், இவர் நரசப்பன்.

நடுவே ‘தூக்குத் தூக்கி’யில் (1954) சேட்டாக வந்து பேசிய தமிழை இன்றும் மிமிக்ரிக்காரர்கள் விடுவதில்லை. வில்லனாக வந்தவரின் குரலுக்குள்ளேயே ஒரு கோமாளி இருந்தது அங்கே வெளிப்பட்டது. ‘பாகப்பிரிவினை’யில் (1959) குடும்பம் உடைவதைத் தடுக்க முடியாத அண்ணன். அதற்குப் பிறகு வந்த அப்பாக்களை எல்லாம் எண்ணிக்கொண்டிருக்க வேண்டாம். ‘பாமா விஜயம்’ ஒன்று போதும்.

எனக்கு முக்கியமாகப் படுவது அவர் கேட்கிற காட்சிகள்தான். ‘காதலிக்க நேரமில்லை’யில் (1964) நாகேஷ் பேய்க்கதை சொல்லும் இடத்தை எடுத்துக்கொள்ளுங்கள். நாகேஷ் காட்சி என்றே எல்லாரும் சொல்கிறோம். கதவுச் சத்தம், காலடிச் சத்தம் எல்லாம் நாகேஷின் வாயிலிருந்து வருகிறது, சரி. ஆனால் அங்கே பேய் எங்கே இருக்கிறது? பாலையாவின் முகத்தில். ஊரையே மிரட்டுகிற பணக்கார விஸ்வநாதன், பையன் கதை சொல்லச் சொல்லக் குழந்தையாகிப் போகிறார். அவர் பயப்படாவிட்டால் நாகேஷ் வெறுமனே சத்தம் போட்டுக்கொண்டிருப்பார், அவ்வளவுதான்.

‘தில்லானா மோகனாம்பா’ளில் (1968) சிவாஜி நாதஸ்வரம், இவர் தவில். பக்கவாத்தியக்காரரின் வேஷத்தை இவரைத் தவிர வேறு யாருக்குக் கொடுப்பது?

‘திருவிளையாட’லில் (1965) பாண்டியன் சபைக்கு வருகிற ஹேமநாத பாகவதரை மறக்க முடியாது. பாட்டு பாலமுரளிகிருஷ்ணாவின் குரல், இசை கே.வி.மகாதேவன். அந்தக் குரல் தன் தொண்டையிலிருந்துதான் வருகிறது என்று நம்பவைக்கும் திமிர் மட்டும் பாலையாவுடையது. நாட்டையே பணயம் கேட்கிற திமிர் அது. பிறகு விறகுவெட்டியாக வந்து சிவாஜி பாடுகிறார். அந்தப் பாட்டையும் சிவாஜியின் காட்சி என்றே வைத்திருக்கிறோம்.

பாலையா 1972இல் காலமானார். சமீபத்தில் அந்தப் பாட்டைத் திரும்பப் போட்டு, சிவாஜியை விட்டுவிட்டு இவரை மட்டும் தேடிப் பார்த்தேன். பெரிதாக ஒன்றும் செய்வதில்லை. கேட்கிறார். இத்தனை நேரம் சபையை நிறைத்திருந்த ஆள், கேட்கக் கேட்கச் சின்னதாகிறார். விடிவதற்குள் மதுரையை விட்டுக் கிளம்பிவிடுகிறார்.