சோமாசி வந்த வழி

சென்ற ஆண்டுத் தீபாவளி விடுமுறை முடிந்து பள்ளி திறந்த அன்று, ஏழாம் வகுப்பில் பயிலும் என் மகள் மாலையில் வீடு திரும்பியதும் சிற்றுண்டிப் பெட்டியை மேசைமேல் வைத்துவிட்டு அழத் தொடங்கினாள். பாட்டி செய்த சோமாசியைத் தோழியரோடு பகிர்ந்துண்ண எடுத்துச் சென்றிருந்தாள். பெட்டியைத் திறந்தவுடனே ஒருத்தி, "இது எங்கள் குஜியா அல்லவா! எங்களைப் பார்த்துச் செய்துவிட்டு வேறு பெயர் வைத்துக் கொண்டீர்களோ?" என்று கேட்டாளாம். மற்றொருத்தி, "குஜியா அன்று, எங்கள் பெடக்கியா" என்றாளாம். மூன்றாமவள் அதற்குக் கரஞ்சி என்று பெயரிட்டாளாம். வழக்கு முடிவதற்குள் பெட்டி காலியாகிவிட்டது. அதைப் பற்றி என் மகளுக்கு வருத்தம் இல்லை. "அப்படியானால் சோமாசி நம்முடையது இல்லையா, அப்பா?" என்பதே அவள் கேள்வி.

பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திக்கொண்டு கரக்பூரில் இரயில்வே எழுத்தனாகக் காலம் கழிக்கும் எனக்கு இக்கேள்விக்கு உடனே விடை கூறும் புலமை இல்லை. ஆயினும், ஒரு பொதி எங்கே ஏற்றப்பட்டது, எந்த நிலையத்தில் வண்டி மாற்றப்பட்டது, எவ்வழியே வந்து சேர்ந்தது என்பதைச் சீட்டைக் கொண்டு கண்டுபிடிப்பது எனக்குப் பழகிய தொழில். சோமாசிக்கும் அவ்வாறே வழி தேடிப் பார்த்தேன். ஓராண்டாக, ஓய்வு நேரத்தில் நூலகத்தில் படித்தும் பெரியோரைக் கேட்டும் அறிந்தவற்றை நம் சங்க மலரில் எழுதத் துணிகிறேன்.

முதலில் பெயரைப் பற்றி ஒரு சொல். சோமன் என்பது சந்திரனுக்குப் பெயராதலால், பிறை வடிவான பலகாரம் சோமாசி ஆயிற்று என்று கூறுவோர் உளர். கேட்பதற்கு இனிய விளக்கந்தான். ஆனால் சமோசா என்னும் சொல்லையும் சோமாஸ் என்று நம் வீடுகளில் வழங்கும் சொல்லையும் அடுத்தடுத்துச் சொல்லிப் பார்த்தால், இவ்விரண்டும் உறவினர் என்றே என் செவிக்குப் படுகிறது. என் மகன் இன்னொரு விளக்கம் வைத்திருந்தான். அறுபத்து மூவருள் சோமாசிமாற நாயனார் என்று ஒருவர் உண்டல்லவா? அவர் விரும்பி உண்ட பலகாரம் இது என்பது அவன் ஆராய்ச்சி. அவர் சோம யாகம் செய்ததால் அப்பெயர் பெற்றவர் என்று சொன்னபின் அவனுக்கு நாயனாரிடம் இருந்த ஆர்வம் சற்றுக் குறைந்துவிட்டது.

இனி, பலகாரத்தை இரண்டாகப் பிரித்துக்கொள்வோம். ஒன்று உள்ளே வைக்கும் பூரணம். மற்றொன்று அதை மூடும் தோல். இரண்டும் ஒரே வழியாக வந்தவை அல்ல.

பூரணம் நமக்கு மிகப் பழையது. பத்துப்பாட்டுள் ஒன்றாகிய மதுரைக்காஞ்சி, பாண்டியன் நெடுஞ்செழியன் காலத்து மதுரையின் இரவை யாமம் யாமமாகக் காட்டுகிறது. அங்கே கூவியர் எனப்பட்ட அப்ப வணிகர்கள் மோதகம் விற்கிறார்கள். இரவு முதிர முதிரத் தம் பண்டங்களோடு இருந்தபடியே தூங்கி வழிகிறார்கள். இரவு வண்டி வரும்வரை நடைமேடையில் கூடையைக் கட்டிக்கொண்டு கண்ணயரும் வியாபாரிகளை அன்றாடம் பார்க்கும் நமக்கு அக்காட்சி புதியதன்று. அம்மோதகத்தினுள் இருந்ததைப் புலவர் 'கவவு' என்கிறார். கவவு என்பது உள்ளீடு. பின்னாளில் உரை வகுத்த நச்சினார்க்கினியர், பருப்பும் தேங்காயும் ஆகிய உள்ளீடு என்று அதற்குப் பொருள் கூறுகிறார். ஆகவே பருப்பு, தேங்காய், இனிப்பு மூன்றையும் சேர்த்து மாவுக்குள் பொதியும் கைத்திறனை எவரிடமும் நாம் கடன் வாங்கவில்லை.

அப்படியானால் அக்கூவியர் சோமாசி செய்யாதது ஏன்? விடை மாவில் இருக்கிறது. அரிசி மாவுக்கு இழுபடும் தன்மை இல்லை. கோதுமை மாவைப் பிசைந்தால் அதிலுள்ள பசைப்பொருள் வலைபோல் பின்னிக்கொள்ளும், அப்பளம்போல் தேய்த்தாலும் கிழியாது, மடித்தால் ஒட்டும். பச்சரிசி மாவை அவ்வாறு தேய்த்து மடித்தால் மடிப்பிலேயே வெடிக்கும். அதனால் நம் முன்னோர் வெந்நீரில் மாவைக் கிளறிக் கிண்ணம்போல் சொப்புச் செய்து, பூரணம் வைத்து, ஆவியில் வேகவைத்தனர், அது கொழுக்கட்டை. எண்ணெயில் பொரிக்க வேண்டின், பூரணத்தை உருட்டி, அரிசியும் உளுந்தும் அரைத்த மாவில் தோய்த்துப் போட்டனர், அது சுழியம். தேய்த்து மடித்து விளிம்பு ஒட்டிப் பொரிக்கும் பிறைக்குக் கோதுமை வேண்டும். தமிழகம் கோதுமை விளையும் நாடன்று.

ஆகவே தோலின் சீட்டைத் தேடி வடக்கே செல்ல வேண்டியவர்களாகிறோம். பதினாறாம் நூற்றாண்டினரான பாவமிச்ரர் வடமொழியில் இயற்றிய பாவப்பிரகாசம் என்னும் மருத்துவ நூலில் கர்ப்பூரநாளிகை என்றொரு பண்டம் கூறப்படுகிறது. நெய் மிகச் சேர்த்த கோதுமை மாவில் நீண்ட உறை செய்து, கிராம்பும் கர்ப்பூரமும் சர்க்கரையும் அதில் அடைத்து, நெய்யில் பொரிக்க வேண்டுமாம். இங்கே கர்ப்பூரம் என்பது பச்சைக் கர்ப்பூரம். ஆரத்தித் தட்டில் ஏற்றுவதை யாரும் சோமாசியில் இட்டுவிட வேண்டா!

இதற்கும் மேற்கே இன்னொரு வழி செல்கிறது. 1226-ஆம் ஆண்டில் பாக்தாத் நகரத்தவர் ஒருவர் அரபு மொழியில் எழுதிய சமையல் நூலில் சன்பூசஜ் என்னும் பொரித்த பண்டம் உள்ளது. பெரும்பாலும் இறைச்சி அடைப்பதாயினும், சர்க்கரையும் பாதாமும் இடித்துப் பன்னீரில் பிசைந்து அடைக்கும் முறையும் அதிலேயே சொல்லப்படுகிறது. நூறாண்டு கழித்துத் தில்லிக்கு வந்த இபின் பதூதா, துக்ளக் காலத்து விருந்துகளில் கொத்திய இறைச்சியைப் பாதாம், பிஸ்தா முதலியவற்றோடு மெல்லிய மாவில் பொதிந்து நெய்யில் பொரித்த சம்பூசக்கைக் கண்டு எழுதினார். அக்பரின் அவையைச் சேர்ந்த அபுல் பசல், அயினி அக்பரியில், இந்துஸ்தானத்தார் சன்பூசா என்று அழைக்கும் பண்டம் என்றே இதைக் குறிக்கிறார். இதே இபின் பதூதா பின்னர்த் தெற்கே வந்து, சுல்தான்கள் ஆட்சியிலிருந்த மதுரையிலும் தங்கினார். கூவியர் மோதகம் விற்ற அதே மதுரை! இதைக்கொண்டு நான் எதையும் நிறுவ முற்படவில்லை. பூரணத்தின் பழைய ஊரில், தோலைக் கண்டு எழுதிய மனிதர் வந்து நின்றார் என்பதை எண்ணும்போது எனக்கு ஒரு மகிழ்ச்சி; அவ்வளவே.

சொற்களையும் சற்றுப் பார்க்கலாம். நம் தாய்மார்கள் இன்று சோமாசிக்கு எடுத்து வைக்கும் பொருள்களில் மைதா என்பது பாரசீக வழி வந்த சொல். பாதாமும் அவ்வாறே. கசகசா, அரபியிலும் பாரசீகத்திலும் வழங்கும் கஷ்காஷ். முந்திரி மரத்தைப் பிரேசிலிலிருந்து பதினாறாம் நூற்றாண்டில் கொண்டுவந்து நட்டவர்கள் போர்ச்சுக்கீசியர். ஆனால் சர்க்கரை எதிர்த் திசையில் சென்ற சொல். இந்நாட்டுச் சர்க்கரா பாரசீகத்தில் ஷக்கர் ஆகி, அரபியில் சுக்கர் ஆகி, ஆங்கிலத்தில் சுகர் ஆயிற்று. பாக்தாத்துக்காரர் தம் சன்பூசஜில் இட்ட இனிப்பின் பெயர் இங்கிருந்து போனது. போன பொதி வேறோர் உறையில் சுற்றப்பட்டுத் திரும்பி வந்தது எனலாம்.

தமிழகத்துக்குள் எவ்வழியே நுழைந்தது என்பதற்கு ஒரே வாயிலைக் காட்ட இயலாது. விசயநகர, நாயக்கர் காலங்களில் தெலுங்கரும் கன்னடரும் பெருந்திரளாகக் குடியேறினர். தெலுங்கில் இதற்குக் கஜ்ஜிக்காய, கன்னடத்தில் கர்ஜிக்காயி. கொங்கு நாட்டில் சிலர் இன்றும் கர்ச்சிக்காய் என்கின்றனர். தஞ்சையைப் பதினேழாம் நூற்றாண்டின் பிற்பகுதி முதல் 1855 வரை மராட்டியர் ஆண்டனர்; அவர்களுக்கு இது கரஞ்சி. கரஞ்ச் என்பது புங்க மரம். புங்கங்காயைக் கையிலெடுத்துப் பார்த்தவர்க்கு இப்பெயர்ப் பொருத்தத்தை விளக்க வேண்டியதில்லை. கோவையில் உள்ளவர் சொல்லும் பெயரும் தஞ்சையில் உள்ளவர் சொல்லும் பெயரும் வேறுபடுவதே, வந்த வழி ஒன்றன்று என்பதற்குச் சான்றாகும் என்பது என் கருத்து.

எனினும், அந்நாளில் இது எளியோர் வீட்டுப் பண்டமாக இருந்திருக்க முடியாது. கோதுமையும் வெள்ளைச் சர்க்கரையும் விலையுயர்ந்தவை. 1956-ஆம் ஆண்டில் அமெரிக்காவுடன் செய்துகொண்ட பி.எல். 480 உடன்படிக்கைக்குப்பின் கப்பல் கப்பலாக வந்த கோதுமை, அரிசி உண்ணும் நாட்டு ரேஷன் கடைகளிலும் புகுந்தது. "சப்பாத்தி என்பது காய்ச்சல்காரன் உணவு" என்று முகம் சுளித்த என் பாட்டனார் தலைமுறை அதன்பிறகே கோதுமையோடு சமாதானம் செய்துகொண்டது.

தமிழர் கைக்கு வந்ததும் சோமாசி மாறியது. வடநாட்டுக் குஜியாவில் கோவா நிறைந்திருக்கும். மணமும் மென்மையும் மிகுதி, ஆயுள் குறைவு. நம்மவர் பொட்டுக்கடலையை வறுத்துப் பொடித்து, சர்க்கரைப் பொடி, ஏலம், வறுத்த கசகசா, துருவிய கொப்பரை சேர்த்தனர். பச்சைத் தேங்காயைத் தவிர்த்ததில்தான் அறிவு இருக்கிறது. ஈரம் உள்ளே இருந்தால் எண்ணெயில் ஆவியாகி விளிம்பை வெடிக்கச் செய்யும். ஒரு சோமாசி வாய் திறந்தாலும் சர்க்கரை கொட்டிக் கருகி, சட்டி எண்ணெய் முழுவதும் பாழ். என் தாயார் மைதாவோடு சிறிது ரவை கலந்து, சூடான நெய்யை ஊற்றிப் பிசிறி, பால் தெளித்துப் பிசைந்து, ஈரத்துணியால் அரைமணி நேரம் மூடி வைப்பார்கள். தீ சிறிதாகவே எரிய வேண்டும். பெருந்தீயில் தோல் கொப்புளித்துச் சிவந்துவிடும், உள்மடிப்பு வேகாது. இவ்வாறு செய்தது ஆறியபின் தகரப் பெட்டியில் இரண்டு வாரம் கெடாதிருக்கும். 1977-இல் கோரமண்டல் விரைவு வண்டி ஓடத் தொடங்குமுன், சென்னை மெயிலில் ஊரிலிருந்து வந்த ஒவ்வொரு தூக்கிலும் முறுக்கோடு சோமாசி இருந்தது என்று காலனிப் பெரியவர்கள் கூறுவர்.

வங்காளிகளையும் விடலாகாது. பௌஷ சங்கராந்தியில், அதாவது நம் பொங்கல் நாளில், அவர்கள் தேங்காயும் வெல்லமும் அடைத்துப் பொரிக்கும் புலியும் பிறை வடிவந்தான். 1965-இல் பால் தட்டுப்பாட்டினால் சேனாவில் செய்யும் இனிப்புகளுக்கு மேற்கு வங்க அரசு தடை விதித்தது. சந்தேஷ் இல்லாமல் வங்காளம் தவித்த அந்நாளிலும், தேங்காய்ப் புலிக்கு எந்த ஆணையும் குறுக்கே நிற்கவில்லை.

இவ்வளவையும் நான் தேடியதற்கு என் மகளின் கண்ணீர் மட்டும் காரணமன்று. 1999-ஆம் ஆண்டு ஆவணியில் என் தந்தையார் பணியிலிருக்கும்போதே காலமானார். அவருடைய இடத்துக்காகவே பின்னர் எனக்கு இவ்வேலை கிடைத்தது. துக்கம் நேர்ந்த வீட்டில் அவ்வாண்டு எண்ணெய்ச் சட்டி ஏறாது. உறவினர்தாம் பலகாரம் கொண்டுவர வேண்டும். உறவினர் அனைவரும் ஆயிரம் மைலுக்கு அப்பால் இருந்தனர். தீபாவளி விடியலில் கதவு தட்டும் ஓசை கேட்டது. எதிர்வீட்டுப் பீகார் அம்மையார், முந்தானையால் மூடிய தட்டோடு நின்றார். சற்று நேரத்தில் பின்வரிசைத் தெலுங்கு அம்மாள், "வதினா" என்றழைத்தபடி கஜ்ஜிக்காய கொண்டுவந்தார். நாகபுரியிலிருந்து மாற்றலாகி வந்திருந்த குடும்பத்தார் கரஞ்சி அனுப்பினர். மூன்றையும் என் தாயார் ஒரே தட்டில் வைத்துத் தந்தையார் படத்தின்முன் படைத்தார்கள். எது எந்த வீட்டுடையது என்று எங்களுக்குப் பிரித்தறியத் தெரியவில்லை; விளிம்பைக் கொண்டு தாயார்தாம் சொன்னார்கள். பல்சக்கரத்தால் வெட்டியது ஒன்று. அச்சில் அழுத்தியது ஒன்று. விரலால் கயிறுபோல் முறுக்கிப் பின்னியது பீகார் வீட்டுடையது.

தாயாருக்கு இப்பொழுது எழுபத்திரண்டு வயது. பூரணத்தைத் தாமே வறுத்துப் பொடிக்கிறார்கள். பொட்டுக்கடலைக்கும் சர்க்கரைக்கும் உள்ள அளவை இன்னும் யாரிடமும் விட்டுக்கொடுக்கவில்லை. விரல்கள் நடுங்குவதால் விளிம்பு மடிக்க முடிவதில்லை. அதை எதிர்வீட்டு அம்மையாரின் மருமகள் வந்து செய்கிறாள். பக்கத்தில் அமர்ந்து என் மகளும் பழகுகிறாள். இவ்வாண்டு கும்பகோணத்தில் உள்ள என் அத்தைக்கு ஒரு பெட்டி அனுப்பினோம். பெற்றுக்கொண்டதும் தொலைபேசியில் அழைத்து, "ருசி உங்கம்மா கைதான். ஓரத்தில் என்னடா, ஜடை பின்னியிருக்கிறது?" என்று கேட்டார்கள்.