இணையவழித் தன்னுருவாக்கமும் வரலாற்றுச் சான்றும்: அமாலியா உல்மனின் இன்ஸ்டாகிராம் நிகழ்த்துகலை (2014)

முன்னுரை

நாட்குறிப்பு, கடிதம், தன்வரலாறு ஆகியவற்றைச் சான்றாகக் கொள்ளும் ஆய்வாளர், எழுதியவரின் கூற்று மெய்யா என்றே முதலில் வினவுவர். சமூக ஊடகத் தற்பதிவுகளுக்கு இவ்வினா மட்டும் போதுமா? 1989இல் அர்ஜென்டினாவில் பிறந்து, ஸ்பெயினில் வளர்ந்து, லண்டனில் கலை பயின்ற அமாலியா உல்மனின் 'எக்செலன்சஸ் அண்ட் பெர்ஃபெக்‌ஷன்ஸ்' என்னும் படைப்பின்வழி இக்கட்டுரை இதனை ஆராய்கிறது.

முன்னோடி

புனைந்த ஆளுமையை அன்றாட வாழ்வில் உலவவிடுவது இணையத்தோடு தோன்றிய வழக்கமன்று. 1970களில் சான் பிரான்சிஸ்கோவில் லின் ஹெர்ஷ்மன் லீசன், ராபர்ட்டா பிரெய்ட்மோர் என்னும் பெண்ணை உருவாக்கி, அவளாகவே நடமாடினார். அப்பெண்ணுக்கு ஓட்டுநர் உரிமமும் வங்கிக் கணக்கும் இருந்தன. அவளது இருப்பை நிறுவியவற்றுள் அலுவல் ஆவணங்கள் முதன்மையானவை. உல்மனின் பாத்திரத்திற்கோ பார்வையாளரின் நம்பிக்கையே ஆவணமாயிற்று.

நிகழ்த்துகையின் அமைப்பு

2014 ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை உல்மன் முன்கூட்டியே வகுத்த கதைத்திட்டப்படி படங்களை வெளியிட்டார். பெருநகரில் வாழ்வைத் தேடும் இளம்பெண். காதல் முறிந்து, செல்வர் ஆதரவில் ஆடம்பரத்தை நாடி நிலைகுலைபவள். யோகமும் நல்லுணவும் கொண்டு மீள்பவள் என மூன்று நிலைகளில் கதை நகர்ந்தது. மார்பக அறுவைசிகிச்சை நிகழாமலேயே கட்டுப்போட்ட தோற்றம் படமாயிற்று. நிறைவில் பின்தொடர்வோர் ஏறத்தாழ 89,000 பேர்.

படைப்பின் தலைப்பு தொடக்கப் பதிவிலேயே இடம்பெற்றிருந்தது. எனவே இதனை ஏமாற்று என ஒதுக்குதல் பொருந்தாது. அறிவிப்பைக் கண்டும் பலர் நம்பியமைக்குக் காரணம், இவ்வகைப் படங்களின் மரபு அவர்களுக்கு முன்பே பழகியிருந்தமையாகும். ஒப்பனை, உணவுத்தட்டு, விடுதி அறை, கண்ணாடி முன் தற்படம் என ஒவ்வொன்றும் பிறர் பதிவுகளில் அவர்கள் கண்டவையே.

பாதுகாப்பும் சான்றுமதிப்பும்

நிகழ்த்துகை முடிந்ததும் நியூயார்க்கின் ரைசோம் நிறுவனம் அப்பக்கங்களை ஆவணப்படுத்தியது. படங்களோடு விருப்பக்குறிகளும் பின்னூட்டங்களும் காக்கப்பட்டன. 2016இல் லண்டன் டேட் மாடர்ன் காட்சியகத்தில் இப்படைப்பு இடம்பெற்றது. சுவரில் மாட்டிய படம் கலைஞரின் நடிப்பை மட்டுமே காட்டும். பாராட்டும் பரிவும் ஏளனமும் கலந்த பின்னூட்டங்களே அந்நடிப்பு ஏற்கப்பட்ட முறையைக் காட்டும். இவை நீங்கின், படைப்பின் பாதி அழிந்துபோகும்.

முடிவுரை

உல்மனின் பதிவுகள் அவரது வாழ்க்கைக்குச் சான்றாகா. ஆயினும் 2014இல் ஓர் இளம்பெண் எவ்வாறு தோன்றினால் நம்பப்படுவாள் என்பதற்கு அவை நேர்ச்சான்றுகள். எனவே இணையத் தற்பதிவுகளை ஆய்வோர் 'இது மெய்யா?' என்பதோடு, 'இது யாரால், எதனால் நம்பப்பட்டது?' என்றும் வினவுதல் வேண்டும். அதற்குப் படத்தைச் சூழ்ந்த உரையாடலையும் சேர்த்துக் காப்பது இன்றியமையாதது.