அமாவாசை எங்க ஊர் ஆள்தானுங்க: மணிவண்ணனின் நையாண்டி குறித்துச் சில குறிப்புகள்

1994இல் ‘அமைதிப்படை’யை ஈரோட்டில் பார்த்தேன். முன்வரிசை முழுக்க மஞ்சள் மண்டியில் மூட்டை தூக்குகிறவர்கள். வாக்கு எண்ணும் காட்சியில் கொட்டகையே விசிலில் அதிர்ந்தது. கோவிலில் தேங்காய் பொறுக்கித் திரிந்த அமாவாசை (சத்யராஜ்) கூனிக்குறுகி உட்கார்ந்திருக்கிறான். அவனைத் தேர்தலில் நிறுத்திய அரசியல்வாதி (மணிவண்ணன்) தோரணையாக இருக்கிறார். வாக்கு ஏற ஏற இவன் நிமிர்கிறான், அவர் ஒடுங்குகிறார். அதிகாரம் கைமாறுவதை இரண்டு உடல்களே சொல்லிவிடுகின்றன.

கொங்குக்காரனுக்கு இது புதிதல்ல. எங்க பேச்சில் வரும் ‘ங்க’வை வெறும் பணிவு என்று வெளியூர்க்காரர்கள் மெச்சுவார்கள். யார் யாருக்கு ‘ங்க’ போடுவது, யார் முன்னால் யார் உட்காருவது என்பதில்தான் நிலமும் சாதியும் இருக்கின்றன. சூலூரில் பிறந்த மணிவண்ணனுக்கு இந்த உடல்மொழி அத்துப்படி. அதே 1994இல் வெளிவந்த ‘நாட்டாமை’ இந்த மரியாதையைப் புனிதமாக்கியது. ‘அமைதிப்படை’ அதைச் சந்தி சிரிக்க வைத்தது.

பாரதிராஜாவின் ‘நிழல்கள்’ (1980) படத்துக்கு எழுதி உள்ளே வந்தவர், 1982இல் ‘கோபுரங்கள் சாய்வதில்லை’ மூலம் இயக்குநரானார். ‘நூறாவது நாள்’ (1984) போன்ற திகில் படங்களும் எடுத்தார். பெரியாரியர், வெளிப்படையான ஈழ ஆதரவாளர். 1987 முதல் 1990 வரை ஈழத்தில் நின்ற இந்தியப் படைக்கு நம் பத்திரிகைகள் வைத்த பெயர் அமைதிப்படை. அந்தப் பெயரை ஓர் அரசியல் ரவுடியின் கதைக்குச் சூட்டியதைத் தற்செயல் என்று என்னால் எடுத்துக்கொள்ள முடியவில்லை.

‘குடி அரசு’ 1925இல் ஈரோட்டில் தொடங்கிவைத்த கேலிக்கு எம்.ஆர். ராதா மேடையில் உடல் கொடுத்தார். ‘ரத்தக்கண்ணீர்’ (1954) நாயகன் மோகனசுந்தரம் பணக்காரன். நோயும் வறுமையும் வந்து தெருவுக்கு வருகிறான். அவனுடைய நக்கல் வீழ்ச்சியோடு சேர்ந்தே வருகிறது. 40 ஆண்டு கழித்து அமாவாசை நேர் எதிர்த்திசையில் போகிறான். தெருவில் இருந்தவன் நாகராஜ சோழனாகிச் சட்டமன்றம் ஏறுகிறான். நக்கலும் அவனோடு மேலே ஏறிவிடுகிறது. இடைப்பட்ட காலத்தில் பகுத்தறிவுப் பேச்சு ஆட்சிக் கட்டிலைப் பார்த்துவிட்டது. அதிகாரத்தைக் கேலி செய்த மொழியை அதிகாரமே பேசத் தொடங்கிய வரலாறு இது.

இங்கேதான் எனக்குச் சங்கடம். தாயம்மாளை ஏமாற்றிக் கைவிடுபவனும் அமாவாசைதான். அவள் துயரத்துக்குக் கொட்டகையில் சத்தமில்லை. அவன் நக்கலுக்கு விசில். நானும்தான் விசிலடித்தேன். அவனைத் தண்டிக்கும் வேலையைப் படம் அவன் மகனான போலீஸ் அதிகாரியிடம் விட்டுவிடுகிறது. மண்டித் தொழிலாளிக்கும் எனக்கும் படம் மிச்சம் வைத்தது சிரிப்பு மட்டுமே. 2013 மே மாதம் வந்த தொடர்ச்சிக்குப் பெயரே ‘நாகராஜ சோழன் எம்.ஏ., எம்.எல்.ஏ.’ வில்லன் தலைப்பில் ஏறிவிட்டான். அதுவே மணிவண்ணனின் 50ஆவது படம், கடைசிப் படமும். ஜூன் 15 அன்று அவர் இறந்தார்.

ஆனாலும் அவர் தோற்றார் என்று எழுத மனம் வரவில்லை. குனிந்தே மேலேறிய அரசியல்வாதியைப் பார்த்து ‘அமாவாசை’ என்று டீக்கடையில் இன்றும் ஒருவர் சொல்கிறார். மற்றவர்களுக்கு விளக்கம் தேவைப்படுவதில்லை. ஆளைக் கண்டுபிடிக்க அவர் ஒரு சொல்லைக் கொடுத்துவிட்டுப் போனார். கண்டுபிடித்த பிறகும் அதே ஆளுக்கு எழுந்து நின்று ‘வாங்க’ போடுகிறோமே, அது எங்க கணக்குங்க.